ஸ்கைரிம் ஆட்டத்தில் முக ப்ரீசெட் நிறுவுதல்: முக்கியக் குறிப்புகள்

அனிமேஷன், விஷுவல் எஃபெக்ட்ஸ், கேம் டிசைன் படிப்புகளின் நேர்காணலுக்கும் கணினி சார்ந்த பொது அறிவுத் தாள்களுக்கும் தயாராகிறவர்களுக்காகத் தொகுத்தவை இவை. தாம்பரம், சேலையூர், குரோம்பேட்டை, மேடவாக்கம் பக்கத்துப் பிள்ளைகள் பலருக்கு மோட் (ஆட்டத்தில் சேர்க்கும் மாற்றம்) போட்டு விளையாடக் கை பழகியிருக்கிறது. "அந்தக் கோப்பை ஏன் அந்த இடத்தில் வைத்தாய்?" என்று நேர்காணலில் கேட்டால் மட்டும் பதில் வருவதில்லை. கைக்குத் தெரிந்த வேலை வாய்க்கும் தெரிய வேண்டும் என்பதுதான் இந்தத் தொகுப்பின் நோக்கம். ப்ரீசெட் என்றால் கோப்பாகச் சேமித்து வைத்த முக அமைப்பு. நேரம் குறைவாக இருப்பவர்கள் "ப்ரீசெட் கோப்புக்குள் என்ன இருக்கிறது" என்ற பகுதியை மட்டுமாவது இரண்டு முறை படியுங்கள். நிறுவும் வரிசை, கோளாறு, தீர்வு எல்லாம் அதிலிருந்தே பிறக்கின்றன.

ஆட்டமும் ஆண்டுகளும்

• ஸ்கைரிம்: 'தி எல்டர் ஸ்க்ரோல்ஸ்' வரிசையின் 5-ஆவது முதன்மை ஆட்டம். முந்தையவை அரீனா (1994), டாகர்ஃபால் (1996), மாரோவிண்ட் (2002), ஆப்லிவியன் (2006).

• உருவாக்கியது பெதஸ்டா கேம் ஸ்டூடியோஸ். இயக்குநர் டாட் ஹோவர்ட். எஞ்சினின் பெயர் கிரியேஷன் எஞ்சின்.

• வெளியான நாள் 11.11.2011. தமிழ்நாடு அரசின் இலவச மடிக்கணினித் திட்டம் தொடங்கியது 15.9.2011. இரண்டுக்கும் இரண்டு மாத இடைவெளிதான். சேர்த்து மனப்பாடம் செய்தால் இரண்டுமே மறக்காது. நம் பக்கத்தில் பல வீடுகளில் முதல் கணினி அந்தத் திட்டத்தில்தான் நுழைந்தது.

• ஸ்பெஷல் எடிஷன்: 28.10.2016. பழைய பதிப்பு 32 பிட், டைரக்ட்எக்ஸ் 9. ஸ்பெஷல் எடிஷன் 64 பிட், டைரக்ட்எக்ஸ் 11. 32 பிட் நிரலால் 4 ஜிபி நினைவகத்துக்கு மேல் முகவரியிட முடியாது. கனமான முக மோட்கள் பழைய பதிப்பில் அடிக்கடி கிராஷ் ஆனதற்கு இந்த எல்லை ஒரு பெரிய காரணம்.

• ஆனிவர்சரி எடிஷன்: 11.11.2021, பத்தாம் ஆண்டு நாள்.

• தாய் நிறுவனமான ஜெனிமேக்ஸ் மீடியாவை வாங்கப்போவதாக மைக்ரோசாஃப்ட் அறிவித்தது செப்டம்பர் 2020, தொகை 750 கோடி டாலர். வாங்கல் நிறைவு மார்ச் 2021.

• ஆடுவோர் தேர்ந்தெடுக்கக்கூடிய இனங்கள் 10. மனித இனங்கள் 4: நார்ட், இம்பீரியல், பிரெட்டன், ரெட்கார்ட். எல்ஃப் வழி வந்தவை 4: ஹை எல்ஃப், வுட் எல்ஃப், டார்க் எல்ஃப், ஆர்க். விலங்கு உருவினர் 2: பூனை முகமுள்ள காஜீத், பல்லி முகமுள்ள ஆர்கோனியன். ஆர்க்கைத் தனி இனமாகப் பிரித்து எழுதுவது பலர் செய்யும் பிழை. அந்தக் கற்பனை உலகில் அவர்களும் எல்ஃப் வழியினரே.

மோட் உலகம்: சுருக்கமாக

• மோட் என்பது ஆட்டத்தை வாங்கியவர்கள் தாங்களே எழுதிச் சேர்க்கும் மாற்றம். இதற்காக பெதஸ்டா 'கிரியேஷன் கிட்' என்ற கருவியைப் பிப்ரவரி 2012-இல் இலவசமாக வெளியிட்டது. மாரோவிண்ட் காலத்தில் இதே வேலையைச் செய்த கருவி 'கன்ஸ்ட்ரக்‌ஷன் செட்'.

• மோட்களின் பெரிய கிடங்கு நெக்ஸஸ் மாட்ஸ். 2001-இல் இங்கிலாந்தின் ராபின் ஸ்காட் தொடங்கியது.

• ஸ்டீம் தளத்தில் மோட்களைக் காசுக்கு விற்கும் முறை 23.4.2015 அன்று வந்தது. ஆட்டக்காரர்களின் கடும் எதிர்ப்பால் 27.4.2015 அன்று விலக்கப்பட்டது. இந்த இரண்டு தேதிகளையும் குறித்து வையுங்கள். உழைப்புக்குக் கூலி வேண்டும் என்பதும், பகிர்ந்து வளர்ந்த கலை பகிர்வாகவே இருக்க வேண்டும் என்பதும் நேருக்கு நேர் மோதிய நாட்கள் அவை. குழு விவாதத்தில் இரு பக்கமும் பேசத் தக்க தலைப்பு.

• கோப்பு வகைகள்: ஈஎஸ்எம் (மாஸ்டர்), ஈஎஸ்பி (பிளகின்), ஈஎஸ்எல் (இலகு பிளகின்), பிஎஸ்ஏ (கட்டி வைத்த காப்பகம்), என்ஐஎஃப் (உருவ வலை), டிடிஎஸ் (மேற்பரப்புப் படம்), டிரை (உருவத் திரிபு). என்ஐஎஃப் என்பதில் உள்ள முதல் இரண்டு எழுத்துகள் 'நெட்இம்மர்ஸ்' என்ற பழைய எஞ்சினின் பெயரிலிருந்து வந்தவை.

• முழு அளவு பிளகின்களுக்கான இடங்கள் 254. இலகு பிளகின்கள் எல்லாம் ஒரே இடத்தில் அடங்கும். உச்ச எண்ணிக்கை 4096.

ப்ரீசெட் கோப்புக்குள் என்ன இருக்கிறது

ஸ்கைரிமின் இயல்பான முகம் அமைக்கும் திரையில் மூக்கு, தாடை, கன்னம், கண் என்று சில நகர்த்திகள் மட்டுமே உண்டு. அதை விரித்துக் கொடுத்தது 'ரேஸ்மெனு' என்ற மோட். எழுதியவர் 'எக்ஸ்பயர்ட்6978' என்ற புனைபெயரில் இயங்குபவர். ஃபால்அவுட் 4 ஆட்டத்தில் இதே வேலையைச் செய்யும் 'லுக்ஸ்மெனு'வும் இவருடையதே. இவர் சேர்த்த வசதிகளில் ஒன்றுதான் ப்ரீசெட்: அமைத்த முகத்தைக் கோப்பாகச் சேமித்து, இன்னொருவர் தம் கணினியில் அப்படியே ஏற்றிக்கொள்ளலாம்.

கோப்பின் பின்னொட்டு 'ஜேஸ்லாட்'. உள்ளே இருப்பது ஜேசன் வடிவ உரை. நோட்பேடில் திறந்து படிக்கலாம். ஒவ்வொரு மாணவரும் ஒரு முறையாவது திறந்து பார்க்க வேண்டும். ஜேசன் வடிவத்தைப் பரப்பியவர் டக்ளஸ் கிராக்ஃபோர்ட் என்பது தனி ஒரு மதிப்பெண்.

திறந்தால் தெரிபவை:

• தலைப் பாகங்களின் பட்டியல். கூந்தல், புருவம், கண், வாய், தழும்பு, தாடி ஒவ்வொன்றும் எந்த மோட் கோப்பில், எந்த எண்ணில் இருக்கிறது என்ற முகவரி மட்டும்.

• மார்ஃப் எண்கள். மூக்கு எவ்வளவு நீளம், தாடை எவ்வளவு அகலம் என்பவை தசம எண்களாக.

• டின்ட் விவரம். தோல் நிறம், உதட்டுச் சாயம், கன்னச் சிவப்பு, முகப் பூச்சு ஆகியவற்றின் நிற எண்ணும் படத்தின் பாதையும்.

• ஸ்கல்ப்ட் தரவு. நகர்த்திகளுக்கு அப்பால் முகத்தின் புள்ளிகளைக் கையால் இழுத்து வடித்திருந்தால், ஒவ்வொரு புள்ளியும் எங்கே நகர்ந்தது என்ற கணக்கு.

• உடல் எடை, உடல் திரிபு எண்கள்.

• சேமித்தவரின் கணினியில் அப்போது இருந்த மோட்களின் பெயர்கள்.

இந்தப் பட்டியலில் இல்லாததைக் கவனியுங்கள். கூந்தலின் உருவ வலை இல்லை. தோலின் படம் இல்லை. கண்ணின் படம் இல்லை. தையல்காரர் எழுதித் தரும் அளவுச் சீட்டைப் போன்றது இந்தக் கோப்பு. துணி தனியாக வாங்கியாக வேண்டும். அதனால்தான் சில நூறு கேபி அளவுள்ள ஒரு ப்ரீசெட்டுக்குப் பின்னால் பல ஜிபி அளவுள்ள கூந்தல், தோல் மோட்கள் தேவைப்படுகின்றன. படத்தில் பார்த்த அழகான முகம் நம் திரையில் வேறு ஆளாக வந்து நிற்கிறதென்றால், பத்தில் ஒன்பது முறை ப்ரீசெட்டில் பிழை இருக்காது; அது சுட்டும் பாகம் நம்மிடம் இருக்காது.

ஸ்கல்ப்ட் பற்றி இன்னொரு நுட்பம். புள்ளிகளின் கணக்கு எந்தத் தலை வலையின் மேல் எடுக்கப்பட்டதோ அதே வலையின் மேல்தான் பொருந்தும். ஆட்டத்தோடு வரும் தலையில் புள்ளிகள் குறைவு. 'ஹை பாலி ஹெட்' போன்ற மோட் தரும் தலையில் புள்ளிகள் பல மடங்கு. அதில் வடித்த முகத்தை இயல்புத் தலையில் ஏற்றினால் வடிப்பு விழாது, அல்லது முகம் கோணும். "டோபாலஜி மாறினால் வெர்டெக்ஸ் தரவு செல்லாது" என்று ஒரே வாக்கியத்தில் நேர்காணலில் சொல்லலாம். இது ஸ்கைரிமோடு நிற்கும் விஷயமும் இல்லை. சினிமா அனிமேஷனில் முகபாவம் பொருத்துகிறவர்கள் தினமும் சந்திப்பது இதுதான்.

நிறுவும் வரிசை

1. ஸ்டீமை 'புரோகிராம் ஃபைல்ஸ்' கோப்புறைக்கு வெளியே, தனி இடத்தில் நிறுவுக. விண்டோஸ் அந்தக் கோப்புறையைக் காவல் காப்பதால் மோட் கருவிகள் எழுத முடியாமல் தடுமாறும்.

2. ஆட்டத்தை ஒரு முறை இயல்பாகத் திறந்து மூடுக. அமைப்புக் கோப்புகள் அப்போதுதான் உருவாகும்.

3. எஸ்கேஎஸ்இ, அதாவது ஸ்கைரிம் ஸ்கிரிப்ட் எக்ஸ்டெண்டர். இதன் லோடரும் டிஎல்எல் கோப்பும் ஆட்டத்தின் வேர்க் கோப்புறையில், ஸ்கிரிப்ட்கள் டேட்டா கோப்புறையில். இனிமேல் ஆட்டத்தைத் திறப்பது இந்த லோடர் வழியாக மட்டுமே. திறந்தபின் கன்சோலில் 'கெட்எஸ்கேஎஸ்இவெர்ஷன்' என்று தட்டினால் பதிப்பு எண் காட்ட வேண்டும்.

4. அட்ரஸ் லைப்ரரி. எழுதியவர் 'மெஹ்321'. ஆட்டத்தின் பதிப்பு மாறும்போது நினைவக முகவரிகள் மாறுவதைச் சமாளிக்கும் அட்டவணை இது.

5. மோட் மேலாளர். இரண்டு பெயர்கள் போதும்: மாட் ஆர்கனைசர் 2, வோர்டெக்ஸ். முன்னது மெய்நிகர் கோப்பு முறையில் இயங்குவது. மோட் கோப்புகள் ஆட்டக் கோப்புறைக்குள் போவதே இல்லை, ஆட்டம் ஓடும்போது மட்டும் அங்கே இருப்பதாகத் தோன்றும். பின்னது நெக்ஸஸ் மாட்ஸின் கருவி, ஹார்ட்லிங்க் முறையைப் பயன்படுத்துவது. மாட் ஆர்கனைசரை முதலில் எழுதிய 'டானின்' என்பவரே பிறகு வோர்டெக்ஸ் உருவாக்கத்திலும் பணியாற்றினார்.

6. ரேஸ்மெனு.

7. ப்ரீசெட்டின் விளக்கத்தில் 'தேவையானவை' என்று சொல்லப்பட்ட கூந்தல், புருவம், கண், தோல், தலை மோட்கள் அனைத்தும். ஒன்றைக்கூட "இது இல்லாவிட்டாலும் பரவாயில்லை" என்று தாண்ட வேண்டாம்.

8. கடைசியில் ப்ரீசெட். போய்ச் சேர வேண்டிய பாதை: டேட்டா, எஸ்கேஎஸ்இ, பிளகின்ஸ், கேர்ஜென், ப்ரீசெட்ஸ். இந்த ஐந்து கோப்புறைகளின் வரிசை அப்படியே நினைவில் இருக்க வேண்டும். கையால் நிறுவுகிறவர்கள் தவறுவது இங்கேதான். ஸ்கல்ப்ட் தலை தனி என்ஐஎஃப் கோப்பாக வந்தால் அது ஒரு படி மேலே, கேர்ஜென் கோப்புறையிலேயே அமரும்.

9. புதிய ஆட்டம் தொடங்கி, ஹெல்கன் நகரில் முகத் திரை வரும்போது இனத்தையும் பாலையும் முதலில் தேர்ந்தெடுக்கவும். பிறகு ப்ரீசெட் பக்கத்தில் எஃப்9 ஏற்றுதல், எஃப்5 சேமித்தல். நார்ட் பெண்ணுக்குச் செய்த ப்ரீசெட்டை ஆர்க் ஆணின்மேல் ஏற்றினால் வருவதற்குப் ப்ரீசெட் எழுதியவர் பொறுப்பில்லை.

நடந்துகொண்டிருக்கும் ஆட்டத்தில் முகத்தை மாற்ற, கன்சோலில் 'ஷோரேஸ்மெனு'. அதற்கு முன் தனிச் சேமிப்பு ஒன்று கட்டாயம். இனத்தை மாற்றாமல் முகத்தை மட்டும் மாற்றுவது பாதுகாப்பு.

மாட் ஆர்கனைசர் 2 வைத்திருப்பவர்கள் கவனிக்க: ஆட்டத்துக்குள் நீங்கள் சேமிக்கும் புதிய ப்ரீசெட் ஆட்டக் கோப்புறையில் இருக்காது, 'ஓவர்ரைட்' என்ற கோப்புறையில் விழும். "சேமித்தேன், காணோம்" என்பவர்கள் பார்க்க வேண்டிய இடம் அதுதான். அண்ணன் தம்பி இருவரும் ஒரே கணினியைப் பகிரும் வீடுகளில் இந்த மேலாளரின் 'போர்ட்டபிள்' முறை உதவும். ஒவ்வொருவருக்கும் தனி மோட் தொகுதி, ஆட்டம் ஒன்றே.

பதிப்பு எண்கள்

• ஆட்டம் 1.5.97 என்றால் எஸ்கேஎஸ்இ 2.0.20. ஆட்டம் 1.6.1170 என்றால் எஸ்கேஎஸ்இ 2.2.6. இந்த இரு இணைகளும் போதும்.

• 2021-இல் ஏன் இத்தனை மோட்கள் ஒரே நாளில் உடைந்தன? ஆனிவர்சரி பதிப்போடு ஆட்டத்தைத் தொகுத்த கம்பைலர் விஷுவல் ஸ்டூடியோ 2015-இலிருந்து 2019-க்கு மாறியது. நிரலின் உள்ளமைப்பு இடம் மாறியதால், பழைய முகவரிகளை நம்பிய டிஎல்எல் மோட்கள் வழி தெரியாமல் நின்றன. ரேஸ்மெனுவும் அதில் ஒன்று. வெறும் படமும் உருவ வலையும் கொண்ட மோட்கள் பாதிக்கப்படவில்லை. இந்த வேறுபாட்டை விளக்கத் தெரிந்தவருக்கு மென்பொருள் சார்பு என்ற பாடம் முழுவதும் புரிந்திருக்கிறது என்று பொருள்.

• ஸ்டீமில் ஆட்டத்தின் அமைப்புகளுக்குப் போய், 'திறக்கும்போது மட்டும் புதுப்பி' என்ற தெரிவை வைக்கவும். தானாக இறங்கும் புதுப்பிப்பு ஒரே இரவில் எல்லாவற்றையும் பொருந்தாமல் ஆக்கிவிடும். கோடையில் மின்சாரம் போய்ப் போய் வரும் தெருக்களில் இருப்பவர்கள் பெரிய பதிவிறக்கத்தின் நடுவே மோட்களை நிறுவ வேண்டாம். அரைகுறைக் கோப்பு வெளிப்பார்வைக்கு முழுக் கோப்பைப் போலவே இருக்கும்.

கோளாறு, காரணம்

• முகம் ஊதா நிறம்: டிடிஎஸ் படம் அந்தப் பாதையில் இல்லை.

• மொட்டைத் தலை அல்லது வேறு கூந்தல்: கூந்தல் மோட் இல்லை, அல்லது அதன் பிளகின் முடுக்கப்படவில்லை.

• கழுத்தில் கோடு: முகத்துக்கு ஒரு தோல் மோட், உடலுக்கு வேறு தோல் மோட். இரண்டும் ஒரே குடும்பத்தைச் சேர்ந்தவையாக இருக்க வேண்டும்.

• ப்ரீசெட் பெயரே பட்டியலில் இல்லை: கோப்புறை வரிசை தவறு, அல்லது ஆட்டத்தை எஸ்கேஎஸ்இ லோடர் வழியாகத் திறக்கவில்லை.

• வேறு பாத்திரங்களுக்கு முகம் மட்டும் கறுத்துப்போதல்: இது ப்ரீசெட் சிக்கலே இல்லை. ஆட்டக்காரரின் முகம் ஆட்டம் ஓடும்போது கணக்கிடப்படுகிறது. பிற பாத்திரங்களின் முகம் முன்கூட்டியே செய்து 'ஃபேஸ்ஜென்டேட்டா' கோப்புறையில் வைக்கப்பட்டிருக்கிறது. அங்கே உருவ வலையும் நிறப் படமும் பிளகின் சொல்வதோடு பொருந்தாவிட்டால் முகம் கறுக்கும். ஒரு ப்ரீசெட்டை வேறொரு பாத்திரத்துக்குக் கொடுக்க விரும்புகிறவர் கிரியேஷன் கிட்டில் அந்தப் பாத்திரத்தைத் தேர்ந்து கன்ட்ரோல்+எஃப்4 அழுத்தி இந்தக் கோப்புகளை உருவாக்க வேண்டும்.

• விண்டோஸ் பயனர் பெயரையோ கோப்புறைப் பெயரையோ தமிழில் வைத்திருப்பவர்களுக்குப் பழைய கருவிகள் சில பாதையைப் படிக்கத் தெரியாமல் நிற்கும். யூனிகோடில் தமிழுக்கான இடம் 0பி80 முதல் 0பிஎஃப்எஃப் வரை, 128 இடங்கள். குறை தமிழ் எழுத்தில் இல்லை, அதை எதிர்பார்க்காமல் எழுதிய நிரலில் இருக்கிறது. ஆனாலும் மோட் வைக்கும் கோப்புறைக்கு மட்டும் ஆங்கில எழுத்துப் பெயர் வைப்பது வேலையை முடிக்கும்.

நினைவகக் கணக்கு

4096 × 4096 அளவுள்ள ஒரு படத்தில் 1,67,77,216 புள்ளிகள். சுருக்காமல் புள்ளிக்கு 4 பைட் என்றால் 64 எம்பி. பிசி7 முறையில் சுருக்கினால் புள்ளிக்கு 1 பைட், 16 எம்பி. 2048 அளவில் அதுவே 4 எம்பி. மிப்மேப் (அதே படத்தின் சிறிய அளவுப் பிரதிகள்) சேர்த்தால் ஒவ்வொன்றுக்கும் மூன்றில் ஒரு பங்கு கூடும். முகம், உடல், கை, அவற்றின் நார்மல் மேப், ஸ்பெக்குலர் என்று கூட்டிப் பாருங்கள். தனி கிராஃபிக்ஸ் அட்டை இல்லாத மடிக்கணினியில் 2கே படங்களோடு நிறுத்துவதே நல்லது. உரையாடலில் முகத்தை நெருங்கிப் பார்க்கும் நேரம் தவிர வேறெங்கும் வித்தியாசம் தெரிவதில்லை. மின்ரயில் ஏறி ரிச்சி தெருவுக்குப் போய்ப் புது அட்டை விலை கேட்கும் முன் இந்தக் கணக்கைப் போட்டுப் பாருங்கள். பல வீடுகளில் அந்தச் செலவே தேவைப்படாது.

நம் முகத்தை வடித்தல்

இந்தப் பகுதி பாடத்திட்டத்தில் வராது. ஆனாலும் எழுதியே ஆக வேண்டும் என்று பட்டது. பகிரப்படும் ப்ரீசெட்களில் நான் பார்த்தவற்றில் பெரும்பாலானவை வெளிர் தோல், குறுகிய மூக்கு, மெலிந்த உதடு. தாம்பரம் மின்ரயிலில் எதிர் இருக்கையில் உட்கார்ந்திருக்கும் ஒரு முகத்தை அந்தக் குவியலில் தேடினால் கிடைப்பது அரிது. காரணம் சூழ்ச்சி எதுவும் இல்லை. செய்கிறவர்கள் தங்களுக்குத் தெரிந்த முகங்களைச் செய்கிறார்கள். நாமும் செய்தால்தான் நம் முகம் அங்கே இருக்கும். நேர்காணலுக்குக் கொண்டுபோகும் படைப்புத் தொகுப்பில் இறக்கி நிறுவிய பத்து முகங்களை விட, சொந்தமாக வடித்த ஒரு முகத்துக்கு மதிப்பு அதிகம்.

• தொடங்க ஏற்ற இனங்கள் ரெட்கார்ட், இம்பீரியல். ரெட்கார்டில் தோல் நிற எல்லை ஆழமானது.

• தோல் நிறம் டின்ட் அடுக்கு. கருமையை மட்டும் கூட்டினால் முகம் சாம்பல் பூத்துப்போகும். சிவப்பும் மஞ்சளும் கலந்த பழுப்பு எண்ணைத் தேர்ந்து, பிறகு ஆழத்தைக் கூட்டவும். உதட்டுக்கும் கண் கீழுக்கும் தனி டின்ட் உண்டு. நம் தோலில் அந்த இடங்கள் சற்றே ஆழ்ந்த நிறம் என்பதைக் கண்ணாடியில் பார்த்தே வைக்கலாம்.

• பொட்டு, திருநீறு, நாமம், சந்தனக் கீற்று: இவை முகப் பூச்சு வகை. ஆல்ஃபா அடுக்குள்ள டிடிஎஸ் படமாக வரைந்து ரேஸ்மெனுவின் ஸ்கிரிப்ட் வழியே பட்டியலில் சேர்க்க வேண்டும். வரைய ஜிம்ப், பெயின்ட்.நெட் இரண்டும் இலவசம், இரண்டும் டிடிஎஸ் சேமிக்கும்.

• மூக்குத்தி, தோடு, ஜிமிக்கி: இவை பூச்சில் அடங்காது. தனி உருவ வலை வேண்டும், அணிகலனாகச் சேர்க்க வேண்டும். பொட்டுக்கும் மூக்குத்திக்கும் உள்ள இந்த வேறுபாடு டெக்ஸ்சர், மெஷ் இரண்டையும் பிரித்தறியக் கேட்கும் கேள்விக்கு எடுத்துக்காட்டாக உதவும்.

முகம் யாருடையது: சட்டக் குறிப்புகள்

நடிகர் முகத்தை வடித்துப் பகிரும் ஆசை எல்லோருக்கும் வரும். கீழ்க்கண்டவை பொது அறிவுத் தாளுக்கும் ஆகும்.

• ஆர். ராஜகோபால் எதிர் தமிழ்நாடு அரசு, உச்ச நீதிமன்றம், 1994. நக்கீரன் இதழ் ஆட்டோ சங்கரின் தன்வரலாற்றை வெளியிடுவது தொடர்பான வழக்கு. ஒருவரின் பெயரையோ உருவத்தையோ அவர் இசைவின்றிப் பயன்படுத்துவது தனியுரிமை மீறலாகலாம் என்ற கருத்து இதில் பதிவானது.

• சிவாஜி ராவ் கெய்க்வாட் எதிர் வர்ஷா புரொடக்‌ஷன்ஸ், சென்னை உயர் நீதிமன்றம், 2015. நடிகர் ரஜினிகாந்த் தம் பெயர், உருவம், நடை உடை பாவனை ஆகியவற்றை ஒரு இந்திப் படம் பயன்படுத்துவதை எதிர்த்துத் தொடுத்தது. ஆளுமை உரிமைக்கு இந்தியாவில் எடுத்துக்காட்டப்படும் முக்கியத் தீர்ப்புகளில் ஒன்று.

• புட்டசாமி வழக்கு, 24.8.2017: தனியுரிமை அடிப்படை உரிமை என ஒன்பது நீதிபதிகள் அமர்வு தீர்ப்பளித்தது.

• பதிப்புரிமைச் சட்டம் 1957. கணினி நிரல் இலக்கியப் படைப்பு என்ற வரையறைக்குள் வரும். பிரிவு 57 படைப்பாளியின் சிறப்பு உரிமையைக் காக்கிறது.

• நெக்ஸஸ் மாட்ஸ் 2021-இல் ஒரு முடிவெடுத்தது: எழுதியவர் நீக்கினாலும் கோப்பு அழியாது, காப்பகத்தில் வைக்கப்படும். பிறர் தொகுத்து வைத்த மோட் பட்டியல்கள் உடையாமல் இருக்க என்று காரணம் சொல்லப்பட்டது. எழுதியவர்கள் சிலர் இதை எதிர்த்து வெளியேறினர்.

நடைமுறையில்: ஒவ்வொரு மோட் பக்கத்திலும் அனுமதி விவரம் இருக்கும். வேறிடத்தில் பதிவேற்றலாமா, மாற்றி வெளியிடலாமா, பெயர் குறிப்பிட வேண்டுமா என்று படித்தபின் பகிரவும். பல மாதம் இரவில் கண்விழித்து ஒருவர் செய்த கூந்தலை அவர் பெயர் சொல்லாமல் நம் ப்ரீசெட்டோடு கட்டி வெளியிடுவது திருட்டு. வகுப்புத் தோழியின் முகத்தை வடிக்க விரும்பினால் முதலில் அவரிடம் கேட்க வேண்டும். மறுத்தால் பேச்சு அத்தோடு முடிந்தது.

பாதுகாப்பு: ப்ரீசெட் பொதியில் இருக்கக்கூடியவை ஜேஸ்லாட், என்ஐஎஃப், டிடிஎஸ். உள்ளே இயங்கு கோப்பு ஒன்று இருந்தால் திறக்காமல் அழிக்கவும். முகம் அமைக்க யாருக்கும் இயங்கு கோப்பு தேவையில்லை.

படிப்பு, கொள்கை

• மத்திய பட்ஜெட், 1.2.2022: அனிமேஷன், விஷுவல் எஃபெக்ட்ஸ், கேமிங், காமிக்ஸ் துறைக்கான ஊக்குவிப்புப் பணிக்குழு அறிவிப்பு.

• செப்டம்பர் 2024: இத்துறைக்கான தேசிய சிறப்பு மையத்தை மும்பையில் அமைக்க மத்திய அமைச்சரவை ஒப்புதல்.

• கோச்சடையான், 23.5.2014: சௌந்தர்யா இயக்கம். மோஷன் கேப்சர் முறையில் முழுநீளமாக எடுக்கப்பட்ட தமிழ்ப் படம்.

• நம் பக்கத்தில் தரமணி: எம்.ஜி.ஆர். அரசு திரைப்படம் மற்றும் தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனம், நிஃப்ட் இரண்டும் அங்கேதான். தாம்பரத்திலிருந்து பேருந்தில் வேளச்சேரி வழி.

பயிற்சி வினாக்கள்

1. கூற்று: ப்ரீசெட் சரியாக ஏறினாலும் கூந்தல் மாறி வரலாம். காரணம்: ஜேஸ்லாட் கோப்பில் கூந்தலின் உருவ வலை இல்லை.
விடை: இரண்டும் சரி, காரணம் கூற்றை விளக்குகிறது.

2. 1.6.1170 பதிப்பில் எஸ்கேஎஸ்இ 2.0.20 இயங்குமா?
விடை: இயங்காது. அது 1.5.97-க்கானது.

3. பொருந்தாததைக் கண்டறிக: பொட்டு, திருநீறு, ஜிமிக்கி, உதட்டுச் சாயம்.
விடை: ஜிமிக்கி. மற்ற மூன்றும் டின்ட்.

4. ஹை பாலி தலையில் வடித்த முகம் இயல்புத் தலையில் ஏன் விழாது? இரண்டு வரிகளில் எழுதுக.
விடை: ஸ்கல்ப்ட் தரவு புள்ளிவாரியாகச் சேமிக்கப்படுகிறது. இரு வலைகளிலும் புள்ளிகளின் எண்ணிக்கையும் வரிசையும் வேறு என்பதால் கணக்கு பொருந்தாது.

5. ஆட்டக்காரரின் முகத்துக்கும் பிற பாத்திரங்களின் முகத்துக்கும் உள்ள தொழில்நுட்ப வேறுபாடு யாது?
விடை: முன்னது ஆட்டம் ஓடும்போது கணக்கிடப்படுவது, பின்னது ஃபேஸ்ஜென்டேட்டா கோப்புறையில் முன்கூட்டியே செய்து வைக்கப்படுவது.